எகிப்துக்குப் போன குலவை

எகிப்து தேசத்தில் இன்றைய தேதி வரைக்கும் எந்தக் கல்யாணமும் சௌந்தரபாண்டியன் பெண்டாட்டி குலவை போடாமல் நடந்தது கிடையாது. மாப்பிள்ளை தயாராக இருப்பான், பெண்ணும் தயாராக இருப்பாள், அண்டாவில் சோறு ஆறிக்கொண்டிருக்கும். ஆனாலும் ஒருத்தரும் அசைய மாட்டார்கள். செண்பகவல்லியின் குலவை கேட்ட பிறகுதான் சம்பந்தி வீட்டார் கை நனைப்பார்கள். நைல் நதிகூட அந்த நேரத்துக்குச் சற்று நின்று காது கொடுத்துவிட்டுத்தான் கடலுக்குப் போகும்.

எட்டயபுரம் ரோட்டு டீக்கடையில் வைத்து சௌந்தரபாண்டியன் இதை முதன்முதலாகச் சொன்னபோது, காலை நடையை முடித்துவிட்டு வந்து உட்கார்ந்திருந்த கோஷ்டி டீயைத் துப்பிச் சிரித்தது.

"அக்காவுக்கு பாஸ்போர்ட் இருக்கா அண்ணாச்சி?" என்று கேட்டார் பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்ற இசக்கிபாண்டி.

"கொரலுக்கு எதுக்குவே பாஸ்போர்ட்டு? அது சன்னல் வழியா போகும்."

"வாரப்போ எப்படி வரும்?"

"வரவே இல்லயே. அங்கனதான் இருக்கு. அதான் சொல்லுதேன்."

சௌந்தரபாண்டியன் சொன்னதை எல்லாம் நம்புவதற்கு கோவில்பட்டி ஒன்றும் பச்சைப்பிள்ளை இல்லை. கோடையில் கரிசல் வெடிப்புக்குள் விழுந்த அவருடைய சைக்கிள் சாவி, விளாத்திகுளத்தில் யாரோ கிணறு வெட்டும்போது கிடைத்தது என்று சொன்னவர் அவர். மில்லில் பஞ்சு செலக்டராக இருந்த காலத்தில், மூட்டையிலிருந்து ஒரு சிட்டிகைப் பஞ்சைப் பிய்த்து, இரண்டு பெருவிரல்களுக்கு நடுவே இழுத்துப் பார்த்தால், அந்தச் செடிக்குக் களை எடுத்தவள் புருஷனோடு சண்டை போட்டிருந்தாளா இல்லையா என்று சொல்லிவிடுவாராம். ஆனாலும் சொன்னதையே அலுக்காமல் சொல்லிக்கொண்டிருந்தால் ஊர் என்ன செய்யும்? மறுத்துப் பார்த்துக் களைத்துப்போய், கடைசியில் நம்பிவிட்டது. புதிதாக வருகிறவர்களுக்கு இசக்கிபாண்டியே அந்தக் கதையைச் சொல்ல ஆரம்பித்துவிட்டார்.

நம்பாமல் மிச்சமிருந்தது ஒரே ஒரு ஆள். குலவை போட்டவள்.

"எகிப்தாம் எகிப்து. இவிய சொல்லுத பொய்க்கு என் நாக்கையா வாடகைக்கு எடுக்கணும்?" என்பாள் செண்பகவல்லி.

கதைக்கு எலும்பு இல்லாமல் இல்லை. அந்த எலும்பின் பெயர் முராத் வஹ்தான். எகிப்தில் சினிமா டைரக்டர்.

அந்தக் காலத்தில் மில்லுக்கு எகிப்துப் பஞ்சு கப்பலில் தூத்துக்குடிக்கு வந்து இறங்கும். அனுப்புகிற கம்பெனியில் முராத்தின் பெரியப்பா மகன் ஒருவர் வேலை பார்த்தார். திருவனந்தபுரத்தில் நடந்த சினிமா விழாவுக்கு முராத் வந்தபோது, எங்கள் ஊர்ப் பஞ்சு எங்கேதான் போகிறது என்று பார்த்துவிட்டு வருகிறேன் என்று கிளம்பி கோவில்பட்டி ஸ்டேஷனில் வந்து இறங்கிவிட்டார். விழாவில் அவர் படத்தை நாற்காலிகள் மட்டும் பார்த்தனவாம். காவலுக்கு நின்ற போலீஸ்காரர்கூடப் பாதியிலேயே தூங்கிவிட்டாராம். மில்லில் இங்கிலீஷ் பேசத் தெரிந்தவர்கள் நிறையப் பேர் உண்டு. பேச்சை நிறுத்தத் தெரியாதவர் ஒருவர்தான் என்பதால் விருந்தாளியைச் சுற்றிக்காட்டும் வேலை சௌந்தரபாண்டியனுக்கு வந்தது.

ஜீப்பில் போகும்போதும் வரும்போதும் முராத் தன் வாழ்க்கையைச் சொன்னார். அதற்குப் பிறகு சௌந்தரபாண்டியன் அதை எத்தனையோ விதமாகச் சொல்லியிருக்கிறார். ஒரு தடவை முராத்துக்கு நாலு பெண்டாட்டி இருப்பார்கள். அடுத்த தடவை ஒட்டகம் ஒன்று கூடுதலாக வரும். பூச்சை எல்லாம் சுரண்டிவிட்டுப் பார்த்தால் மிச்சம் இதுதான்.

முராத்தின் அப்பா பஞ்சு அரைவை ஆலையில் மூட்டை தைக்கிறவர். சின்ன வயதில் முராத்துக்குப் பருத்திச் செடியில் புழு பொறுக்கும் வேலை. வரிசையாகக் குழந்தைகள் குனிந்து போவார்கள். பின்னாலேயே கங்காணி பிரம்போடு வருவான். அந்தக் கூலியில் சினிமா பார்த்துப் பார்த்து, டவுனில் இரண்டு தியேட்டருக்கும் நடுவே படப்பெட்டி தூக்குகிற பையனானார். ஒரே படத்தை இரண்டு தியேட்டரில் ஓட்டுவார்கள். இங்கே ஓடி முடிந்த சுருளை சைக்கிளில் வைத்து அங்கே கொண்டு போக வேண்டும். ஒருநாள் சைக்கிள் செயின் அறுந்து, விழுந்து எழுந்து, சுருள்களை மாற்றிக் கொடுத்துவிட்டார். கதாநாயகன் முதலில் செத்தான், அப்புறம் கல்யாணம் செய்தான். ஜனங்கள் கைதட்டிவிட்டுப் போனார்கள். சினிமாவை எப்படி வேண்டுமானாலும் வெட்டி ஒட்டலாம் என்று அன்றைக்குத்தான் புரிந்தது என்றார் முராத்.

கெய்ரோவுக்குப் போய் ஸ்டுடியோவில் டீ வாங்கிக் கொடுத்தார், கிளாப் அடித்தார், கடைசியில் டைரக்டரும் ஆனார். முதல் படம் சிரிப்புப் படம், நன்றாக ஓடியது. அடுத்தடுத்துக் காதல் படங்கள். வீடும் காரும் வந்தன. அம்மாவைக் கூட்டிக்கொண்டு போய் பால்கனியில் உட்காரவைத்துத் தன் படத்தைக் காட்டினார். படம் முடிந்ததும் அம்மா, "எல்லாரும் நல்லாத்தான் அழுறாங்க. இதில நம்ம ஊரு எங்கடா இருக்கு?" என்று கேட்டாளாம்.

அந்தக் கேள்வி அவரைச் சும்மா இருக்கவிடவில்லை. புழு பொறுக்கும் குழந்தைகளை வைத்து ஒரு படம் எடுத்தார். அதிகாரிகள் அதைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டார்கள். நேற்றுவரை வாசலில் நின்ற தயாரிப்பாளர்கள் அவரைக் கண்டால் தெருவின் அந்தப் பக்கமாக நடந்தார்கள். சோப்பு விளம்பரம் எடுத்தார். அதுவும் இல்லாத நாளில் ஊரார் கல்யாணங்களுக்கு வீடியோ எடுத்தார். அப்படி யாருடைய கல்யாணத்திலோ, பெண்கள் கூடிநின்று குலவை போடுவதைக் காமிராவில் பிடித்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் அம்மா போய்விட்ட சேதி வந்தது.

"அங்கயும் குலவை உண்டா?" என்று சௌந்தரபாண்டியன் கேட்டாராம்.

"அது இல்லாமல் கல்யாணமா?" என்றாராம் முராத். தன் ஊரில் அம்மா குலவைதான் முதல் குலவை என்றார். அடுத்த படத்துக்குக் கதை எழுதி வைத்திருக்கிறேன், அதில் ஒரு குலவை வருகிறது, ஸ்டுடியோவில் எத்தனையோ நடிகைகளைப் போடச் சொல்லிப் பார்த்துவிட்டேன், ஒன்றும் காதுக்குள் இறங்கவில்லை என்றார். தோளில் தொங்கிய டேப் ரெக்கார்டர் பெட்டியைத் தட்டிக் காட்டினார்.

"குலவைதான வேணும்? வாங்க என் மாமியார் ஊருக்கு," என்றார் சௌந்தரபாண்டியன்.

புதூரைத் தாண்டி உள்ளே போகிற ஊர். தை மாதக் கடைசி. அன்றைக்கு செண்பகவல்லி வீட்டுப் புஞ்சையில் முதல் பருத்தி எடுப்பு. எடுப்புக்கு முன்னால் கரையில் பொங்கல் வைப்பார்கள். பானை பொங்கி வழியும்போது பெண்கள் போடுகிற குலவையில் பக்கத்து ஊர் ஆடுகள் மேய்ச்சலை விட்டுவிட்டு நிமிர்ந்து பார்க்கும். இதை எல்லாம் முராத்துக்குச் சொல்லி, அவர் வாயில் எச்சில் ஊறவைத்துத்தான் கூட்டிக்கொண்டு போனார்.

ஆனால் சௌந்தரபாண்டியன் ஒன்றை மறந்துவிட்டார். அந்த வருஷம் பின்மழை பொய்த்திருந்தது. வறட்சி நிவாரணத்துக்குக் கணக்கெடுக்க ஆபீசர் வருவார் என்று ஊரே ஒரு மாதமாக ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தது. அந்த நேரத்தில் ஜீப்பில், தொப்பியும் தோளில் பெட்டியுமாக, சிவப்பாக ஒரு ஆள் வந்து இறங்கினால் ஊர் என்ன நினைக்கும்?

கண்மூடித் திறப்பதற்குள் எல்லாம் நடந்துவிட்டது. நல்ல பருத்தி சோளத்தட்டைப் படப்புக்குள் போனது. எலும்பு தெரிகிற ஆடுகளாகப் பொறுக்கி முன்னால் கொண்டு வந்து நிறுத்தினார்கள். நேற்று கபடி ஆடிய கிழவர் கயிற்றுக்கட்டிலில் படுத்து இருமத் தொடங்கினார். பெண்கள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்ற நிற்பில் கல்லும் கரைந்திருக்கும்.

"குலவை போடச் சொல்லுங்கள்," என்றார் முராத்.

"குலவையா?" என்றாள் சௌந்தரபாண்டியனின் மாமியார். "வெள்ளாம வெந்து கெடக்கு. இதில கொலவை ஒண்ணுதான் கொறச்சலு. அவியள்ட்ட சொல்லுங்க, இந்த ஊரு கொலவை போட்டு வருசக்கணக்கா ஆச்சுன்னு."

"அத்தை, இவரு ஆபீசர் இல்ல. சினிமாக்காரரு."

"சினிமாக்காரன் மாதிரிதான் மாப்பிள வருவான், ஆபீசரு."

முராத் ஊரைச் சுற்றிப் பார்த்தார். இவ்வளவு துக்கத்தை நான் எந்தத் தேசத்திலும் பார்த்ததில்லை, இவர்களிடம் சந்தோஷத்தைக் கேட்பது பாவம் என்று சொல்லிவிட்டு, பெட்டியின் மூடியைச் சாத்திப் கொக்கியையும் மாட்டி, வரப்பில் வைத்துவிட்டுத் தள்ளிப் போய் நின்றார்.

அப்போதுதான் பானை பொங்கியது.

நுரை பானையின் கழுத்தைத் தாண்டி நெருப்பில் விழுந்து சீறியது. ஒருத்தியும் வாயைத் திறக்கவில்லை. பெண்கள் ஒருத்தியை ஒருத்தி பார்த்துக்கொண்டார்கள். பொங்குகிற பானை முன்னால் குலவை இல்லாமல் நிற்பது என்பது, தாலி கட்டும்போது மேளம் இல்லாமல் நிற்பது மாதிரி. நிவாரணம் முக்கியமா, சாமி முக்கியமா என்று ஊரே பல்லைக் கடித்துக்கொண்டு நின்றது. செண்பகவல்லிக்குத்தான் பொறுக்கவில்லை. கல்யாணமாகி மூன்று நாலு வருஷம் ஆனவள், அம்மாவுக்குப் பயப்படுகிற வயதைத் தாண்டிவிட்டாள். உதட்டோரத்தில் கையை வைத்தாள். நாக்கு சுழன்றது.

ஒற்றைக் குரல். அந்தக் குலவை எழும்பின வேகத்தில் ஒரு மழை மேகம் வழி தவறி வந்து பார்த்துவிட்டுப் போனதாக சௌந்தரபாண்டியன் சொல்லுவார். அதை விட்டுவிடலாம். ஆனால் முராத் ஓடியது நிஜம். தொப்பி கீழே விழ, பருத்திச் செடிகளை மிதித்துக்கொண்டு, பிள்ளை கிணற்றில் விழுந்ததைப் பார்த்தவர் மாதிரி அந்தப் பெட்டியை நோக்கி ஓடி, மண்டியிட்டு, அதன் மேலேயே விழுந்தார். சௌந்தரபாண்டியன் பார்த்ததெல்லாம் அந்த முதுகைத்தான். அந்த முதுகு குலுங்கிக்கொண்டிருந்தது.

மறுநாள் ரயிலில் ஏறும்போது முராத், "இது என் படத்தில் இருக்கும்," என்று சொல்லிவிட்டுப் போனார். அவ்வளவுதான். அப்புறம் அவர் படம் எடுத்ததும், வெளிநாட்டில் எங்கேயோ பரிசு வாங்கியதும் இங்கிலீஷ் பேப்பரின் ஒரு மூலையில் வந்தது. படம் இந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை.

"இருக்கும்னாரு, இருக்கு," என்பார் சௌந்தரபாண்டியன்.

"பெட்டிய மூடிக் கொக்கியும் மாட்டியாச்சு. அந்த மனுசன் ஓடிப்போயித் தெறக்கதுக்குள்ள நான் போட்டு முடிச்சிட்டேன். காத்துலயா பிடிச்சாரு?" என்பாள் செண்பகவல்லி.

முதலில் இது புருஷன் பெண்டாட்டிக்குள் நடக்கிற விளையாட்டாகத்தான் இருந்தது. சௌந்தரபாண்டியனும் ஆரம்பத்தில் ஒரு படத்தில் ஒரு குலவை என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார். அது எகிப்து தேசத்துக் கல்யாணங்கள் எல்லாவற்றுக்கும் பரவியது போன வருஷம்தான்.

போன வருஷம் செண்பகவல்லிக்குக் கழுத்தில் தைராய்டு கட்டிக்கு ஆபரேஷன் ஆனது. கட்டி போனது, குரலும் அதோடு போனது. நாளாக ஆகத் திரும்பும் என்றார்கள். திரும்பி வந்தது சோளத்தட்டை உரசுகிற மாதிரி ஒரு சத்தம் மட்டும்தான். காய்கறிக்காரன் மாடியைப் பார்த்து "யாரு கூப்பிட்டது?" என்று தேடினான். அவள் கூப்பிடுவதை விட்டுவிட்டாள். போனை எடுப்பதையும் விட்டுவிட்டாள். பேத்தி உமாராணிக்கு ஆவணியில் முகூர்த்தம் குறித்ததும், "நான் பந்தியப் பாத்துக்கிடுதேன். மேடைப் பக்கம் யாரும் என்னயக் கூப்புடாதிய," என்று சொல்லிவிட்டாள். அதுவரைக்கும் சொந்தத்தில் எந்தக் கல்யாணம் என்றாலும் தாலி ஏறும்போது எல்லாக் கண்ணும் தேடியது அவளைத்தான்.

ஒருநாள் மத்தியானம் அடுப்படிக் கதவு சாத்தியிருந்தது. உள்ளே இருந்து வெறும் மூச்சுச் சத்தம் வந்தது. நின்றது. மறுபடியும் வந்தது. அவள் குலவை போட்டுப் பார்க்கிறாள் என்பது சௌந்தரபாண்டியனுக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆனது. அவர் சத்தமில்லாமல் வாசலுக்குப் போய், செருப்பைப் போட்டுக்கொண்டு, அப்போதுதான் வெளியே இருந்து வருகிறவர் மாதிரி இருமிக்கொண்டே உள்ளே வந்தார். மறுநாள் காலையில்தான் டீக்கடையில் எகிப்தின் அத்தனை கல்யாணங்களும் அவள் குலவைக்குக் காத்துக் கிடக்க ஆரம்பித்தன.

இதற்கு நடுவில்தான் மணிகண்டபிரபு வந்து சேர்ந்தான். காலேஜில் இங்கிலீஷ் வாத்தியார். ஊரில் திரைப்படச் சங்கம் நடத்துகிறவன்.

"அண்ணாச்சி, உங்க எகிப்துக்காரர் பேரு முராத் வஹ்தான்தான?"

"ஆமா. என்ன, என்னைய விசாரிச்சாரா?"

"அவர் எறந்துட்டாரு அண்ணாச்சி. கடைசிக் காலத்துல கண்ணு தெரியலயாம். படத்தப் போடச் சொல்லி சத்தத்த மட்டும் கேட்டுக்கிட்டு இருப்பாராம். அவரு மக, அந்தப் பழைய படத்தச் சுத்தம் பண்ணி வெளியிட்டிருக்காங்க. நான் எழுதிக் கேட்டேன். ஒரே ஒரு காட்சி போட்டுக்கிடுங்கன்னு அனுமதி குடுத்துட்டாங்க. ஞாயித்துக்கிழம சாயங்காலம். அக்காவக் கூட்டிட்டு வந்துருங்க."

செத்தவருக்காக சௌந்தரபாண்டியன் உண்மையாகவே வருத்தப்பட்டார். அந்த வருத்தம் தீர்வதற்குள் இன்னொன்று நினைவுக்கு வந்தது. அந்தப் படத்தை அவரும் பார்த்ததில்லை. முராத்துடைய ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு இத்தனை காலமும் மாளிகை கட்டியிருக்கிறார். சாட்சி வராத வரைக்கும்தான் கதைக்கு மரியாதை. இப்போது சாட்சி டிக்கெட் வாங்கிக்கொண்டு கோவில்பட்டிக்கே வருகிறது.

"மொதல்ல நான் மட்டும் ஒரு தடவை பாத்துருதேனே," என்றார்.

"ஒரு காட்சிக்குத்தான் அண்ணாச்சி அனுமதி."

"ஞாயித்துக்கிழம கரண்டு இருக்காதே."

"ஜெனரேட்டர் சொல்லியாச்சு."

வீட்டில் சொல்லாமல் விட்டுவிடலாம் என்று பார்த்தார். அதற்குள் இசக்கிபாண்டி டீக்கடையிலிருந்து நேரே போய், "அக்கா, உங்க கொலவைக்கு சினிமா போடுதாங்க," என்று சொல்லிவிட்டு, காபியும் குடித்துவிட்டு வந்திருந்தார்.

செண்பகவல்லி புருஷனை மேலும் கீழும் பார்த்தாள். "வாரேன். இருந்தா கேக்குதேன். இல்லன்னா இனிமே இந்தக் கதைய நீங்க வாயில எடுக்கக் கூடாது. என் தொண்டையப் பத்தி ஊருல ஒரு பேச்சு வரக் கூடாது. சம்மதமா?"

"சம்மதம்," என்றார் சௌந்தரபாண்டியன். தன் வாழ்நாளில் அவர் சொன்ன ஆகச் சிறிய வாக்கியம் அதுதான்.

ஞாயிற்றுக்கிழமை வியாபாரிகள் சங்கத்து ஹாலில் கூட்டத்துக்குக் குறைவில்லை. முராத்தின் படம் என்று வந்தவர்கள் ஒரு கை விரலுக்குள் அடங்குவார்கள்; மற்றவர்கள் எல்லாரும் சௌந்தரபாண்டியன் அகப்படப் போகிறார் என்று வந்தவர்கள். தீப்பெட்டி ஆபீஸ்காரர்கள், சேவுக்கடைக்காரர்கள், நடைக் கோஷ்டி முழுவதும். மணிகண்டபிரபு முராத்தின் வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொன்னான். நாலு பெண்டாட்டியும் ஒட்டகமும் அதில் வராததில் கூட்டத்துக்குக் கொஞ்சம் ஏமாற்றம். விளக்கை அணைத்தார்கள்.

'பருத்தி வெடித்த வருஷம்' என்று பெயர். ஒரு தாய், ஒரு மகள். இரண்டு பேரும் பருத்தி எடுப்பவர்கள். திரையில் ஈரமாகக் கிடந்த மண் அச்சாகக் கரிசல் மண்தான். "நம்ம நாகலாபுரம் பக்கம் மாதிரில்லா இருக்கு," என்று யாரோ சொன்னார்கள். கங்காணி பிரம்போடு வந்தபோது முன்வரிசையில் ஒருத்தர் பழக்கத்தில் கால்களை உள்ளே இழுத்துக்கொண்டார்.

பாதிப் படத்தில் மகளுக்குக் கல்யாணம் வந்தது. சௌந்தரபாண்டியன் நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டார். விளக்குகள், தாம்பாளங்கள், கறுப்பு உடுப்பில் பெண்கள். எல்லாரும் கையை உதட்டுக்குக் கொண்டு போனார்கள். குலவை வந்தது. பத்துப் பன்னிரண்டு குரல், நன்றாகத்தான் இருந்தது. ஆனால் குரல் ஒவ்வொன்றும் அந்த ஊர்க் குரல்.

இசக்கிபாண்டி திரும்பிப் பார்த்தார். "அக்கா, இதுல நீங்க எது?"

செண்பகவல்லி தலையை மட்டும் ஆட்டினாள். இல்லை என்று. எதிர்பார்த்ததுதான் என்பது போலக் கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். ஆனால் அந்தக் கைப்பையை அவள் பிடித்திருந்த பிடியைப் பார்த்தபோதுதான், இவள் நம்பாமல் வரவில்லை, நம்பிக்கொண்டே வந்திருக்கிறாள் என்பது சௌந்தரபாண்டியனுக்குப் புரிந்தது. இந்த உண்மைக்கு அந்தப் பொய்யே மேல் என்றிருந்தது அவருக்கு. கிளம்பிவிடலாமா என்று கேட்க வாயெடுத்தார். பக்கத்தில் இருந்தவர்களை வழிவிடச் சொல்ல வெட்கமாக இருந்ததால் உட்கார்ந்தே இருந்தார்.

படம் போய்க்கொண்டே இருந்தது. கல்யாணம் நடந்ததே தவிர மகளைக் கூட்டிக்கொண்டு போகிற அன்றைக்குத் தாய்க்கு லீவு கிடைக்கவில்லை. கங்காணி விடவில்லை. பருத்திக் காட்டின் நடுவே அவள் நிற்கிறாள். தூரத்தில் ரயில் வருகிறது. அந்த ரயிலில்தான் மகள் போகிறாள். சுற்றிலும் இருந்த பெண்கள் கங்காணிக்குப் பயந்து வாயைத் திறக்காமல் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு நிற்கிறார்கள். அந்த முகங்களை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று சௌந்தரபாண்டியன் நினைத்துக்கொண்டிருக்கும்போதே அந்தத் தாய் கையை உதட்டோரத்துக்குக் கொண்டு போனாள்.

ஒற்றைக் குரல் எழும்பியது.

ஹாலில் ஒரு மின்விசிறி கிறீச்சிட்டுக்கொண்டிருந்தது. அதுகூட நின்றுவிட்ட மாதிரி இருந்தது. அந்தக் குரல் ரயில் சத்தத்தின் மேலே ஏறி, பருத்திக் காட்டைத் தாண்டி, வெறும் வெளியில் போய்க்கொண்டே இருந்தது. முதல் குலவையின் தலைப்பகுதி இல்லை. திடீரென்று நடுவிலிருந்துதான் ஆரம்பித்தது. இரண்டாவது முழுசாக வந்தது. சௌந்தரபாண்டியன் பக்கத்தில் திரும்பிப் பார்க்கப் பயந்து திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். குலவை குலவைதான், யாருடையது என்று யார் சத்தியம் செய்ய முடியும்? மூன்றாவது குலவை எழும்பி, பாதியில் பட்டென்று அறுந்தது. திரையில் தாய் வாயை மூடிவிட்டாள். ரயிலும் போய்விட்டது. காலியாகக் கிடந்த எகிப்துப் பருத்திக் காட்டின் மேல் அதே குரல், வெண்கலமாக, கணீரென்று கேட்டது:

"ஏலே சொடலை, எங்கலே பராக்குப் பாக்க? ஆடு பருத்தில வாய வைக்கி, பத்தி வெரட்டுலே அத!"

கீழே எழுத்து ஒன்றும் ஓடவில்லை. மொழிபெயர்த்தவர்கள் அதையும் குலவையோடு சேர்த்துவிட்டார்கள் போல. திரையில் ஆடே இல்லை.

ஒரு நொடி ஹால் திகைத்தது. அப்புறம் வெடித்த சிரிப்பில் கூரைத் தகடுகள் எழும்பி உட்கார்ந்தன. கோவில்பட்டியில் அப்படி ஒரு சிரிப்பு அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. சங்கரன்கோவில் பஸ்ஸில் போனவர்களுக்கெல்லாம் கேட்டதாம். இசக்கிபாண்டி எழுந்து நின்று, "பிரபு, அதத் திருப்பிப் போடுடே," என்று கத்தினார். "நிப்பாட்டுடே, திருப்பிப் போடுடே," என்று நாலா பக்கமும் சத்தம். ஒரு காட்சிக்குத்தான் அனுமதி என்பதை மறந்துவிட்டு மணிகண்டபிரபு படத்தைப் பின்னுக்கு ஓட்டினான்.

மறுபடியும் ரயில் வந்தது. மறுபடியும் குலவை. இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. செண்பகவல்லி கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். அவள் தொண்டையில், ஆபரேஷன் தழும்புக்கு மேலே ஏதோ அசைந்துகொண்டிருந்தது. உதட்டோரம் வரைக்கும் போன கை, அங்கேயே நின்றது.

விளக்கைப் போட்டார்கள். முன்வரிசையிலிருந்து பெண்கள் எழுந்து அவளைப் பார்க்க வந்துவிட்டார்கள். இசக்கிபாண்டி, "அண்ணாச்சி, பேசுங்க," என்றார். இதற்கு மேல் எதைக் கூட்டிச் சொல்வது? சௌந்தரபாண்டியன் கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்தார். துடைத்ததையே துடைத்தார்.

"என்னக்கா, இப்பமாவது ஒத்துக்கிடுதீங்களா?" என்று இசக்கிபாண்டி செண்பகவல்லியைக் கேட்டார்.

அவள் எல்லாரையும் ஒரு சுற்றுப் பார்த்தாள். அந்தச் சோளத்தட்டைக் குரலில், யாருக்குக் கேட்கிறது, யாருக்குக் கேட்கவில்லை என்று கவலைப்படாமல் பேசினாள்.

"அந்த ஆடு எங்க சித்தப்பா வீட்டு ஆடு. ஒரு பாத்தி பருத்தியத் தின்னுட்டுத்தான் போச்சு. ஆடு மேச்ச சொடலை, வந்த ஆபீசரு தொப்பியப் பாத்துக்கிட்டு நின்னான். நான் அவன ஏசுனது எனக்கே மறந்து போச்சு. இவிய அந்த மனுசன் முதுகையே பாத்துக்கிட்டு நின்னாக, காதுல ஏறல. இவியளுக்குத் தெரியவே தெரியாது."

கொஞ்சம் மூச்சு வாங்கினாள். பிறகு புருஷன் பக்கம் திரும்பினாள்.

"பெட்டி ஓடித்தான் இருக்கு. நடந்தது நெசந்தான்."